ட்ரோனுக்குக் காசு இருக்கு, இசைக்கு மட்டும் இல்லையா?

பதிவு நீளம். தேத்தண்ணியை ஊற்றி வைத்துக்கொண்டு வாசியுங்கள். கோபம் வந்தால் கடைசிவரை வாசித்துவிட்டுக் கோபியுங்கள்.

போன மாதம் தேற்றாத்தீவில் ஒரு குறும்படம் காட்டினார்கள். நாங்கள் நாலைந்து ஆசிரியர்கள் பள்ளிக்கூடம் விட்ட கையோடு போனோம். இரண்டு பேர் இந்தப் பக்கத்துத் தமிழ் ஊர்க்காரர். மற்றவர்கள் காத்தான்குடியிலிருந்தும் கல்முனையிலிருந்தும் பஸ்ஸில் வந்து படிப்பிக்கிறவர்கள். நடித்ததில் பாதிப்பேர் எங்கள் பிள்ளைகள். வாவியில் தோணி விடுகிற ஒரு தகப்பன், வெளிநாடு போன மகனுடைய போன் வரும் என்று காத்திருக்கிற கதை. இருபத்திரண்டு நிமிடம். கடைசி நாலு நிமிடத்தில் ஒரு வசனமும் இல்லை. இசை மட்டும்தான். பக்கத்தில் இருந்த அம்மா ஒருவர் சேலைத் தலைப்பால் கண்ணைத் துடைத்துக்கொண்டே இருந்தார். எங்களுக்கும் தொண்டை அடைத்தது, பொய் சொல்லக் கூடாது.

பிறகு பெயர்கள் ஓடின. கமெரா, எடிட்டிங், ட்ரோன், மேக்கப், சாப்பாடு தந்த குடும்பம், தோணி தந்த ஐயா, சுவிஸில் இருந்து உதவிய அண்ணன், லண்டனில் இருந்து உதவிய அக்கா, பிளெக்ஸ் அடித்த கடை. இசை என்று ஒரு வரி இல்லை. அந்த இசையைச் செய்த பொடியன் எங்களுக்கு இரண்டு கதிரை தள்ளி இருந்தான். எங்களிடம் படித்தவன். கைதட்டல் முடியும்வரை அவனும் தட்டினான்.

வெளியில் வந்து கேட்டோம். "ஐயோ சேர், அவசரத்தில விடுபட்டிட்டு" என்றார்கள். சரி, மனிதர் மறப்பார்கள். காசு ஏதும் கொடுத்தீர்களா என்று கேட்டோம். "அவன் நம்ம பொடியன்தானே சேர்." இந்த ஒரு வசனத்துக்காகத்தான் இந்தப் பதிவு. நம்ம பொடியன் என்றால் ஓசியா? ட்ரோன் கொண்டுவந்தவனும் நம்ம பொடியன்தான். அவனுக்கு அரை நாளுக்குக் காசை எண்ணிக் கையில் வைத்தீர்கள். அன்றைக்குப் பறந்த ட்ரோன் காட்டியது நாற்பது வினாடி. இவன் பதினொரு இரவு விழித்திருந்தான்.

இசை போடுவது என்றால் என்ன வேலை என்று நம்மில் பலருக்குத் தெரியாது. கீபோர்ட்டை இரண்டு தட்டுத் தட்டினால் வந்துவிடும் என்று நினைக்கிறோம். எங்களுக்கும் தெரியாது. அவன் வீட்டுக்குப் போய் ஒரு இரவு இருந்து பார்த்த பிறகுதான் தெரிந்தது. படத்தை முதலில் இசை இல்லாமல் பல தடவை ஓட விடுகிறான். எந்த வினாடியில் தொடங்குவது, எங்கே நிறுத்துவது என்று கொப்பியில் நேரம் குறிக்கிறான். தகப்பன் துடுப்பை இழுக்கும் வேகம் என்ன, அதற்கு முந்திப் போகாமல் பிந்தியும் போகாமல் தாளம் எப்படி இருக்கவேண்டும் என்று பார்க்கிறான். வாவித் தண்ணீர் தோணியில் அடிக்கும் சத்தத்தைப் போனில் பதிந்து வந்து, அதன் சுருதிக்குக் கிட்டவாக ஒரு நாதத்தை வைக்கிறான். எல்லாம் முடிந்த பிறகு இயக்குநர் தம்பி போன் எடுத்து, "மச்சான், நடுவில ஒரு சீனை வெட்டிட்டம், சின்ன மாற்றம்தான்" என்கிறார். அந்தச் சின்ன மாற்றத்தால் அதற்குப் பிறகு வருகிற அத்தனை இசையும் இடம் மாறும். இரண்டு இரவு போய்விடும். சட்டையை அரை இஞ்சி சிறிதாக்கச் சொன்னால் தையல்காரர் அதற்கும் காசு கேட்பார், நாமும் கொடுப்போம்.

இந்த இடத்தில் ஒரு மனிதரைப் பற்றிச் சொல்லவேண்டும். எம்.பி.எஸ். என்று சொல்வார்கள். எம்.பி. சீனிவாசன். 1925இல் சித்தூரில் பிறந்தவர், மானாமதுரைக் குடும்பம். இளவயதிலேயே மாணவர் இயக்கம், இடதுசாரி அரசியல் என்று போனவர். நம் ஆட்களுக்கு எம்.எஸ்.வி.யைத் தெரியும், இளையராஜாவைத் தெரியும், ரஹ்மானைத் தெரியும். இவரைத் தெரியாது. தெரியாததற்குக் காரணம், பெரிய முதலாளிமாரின் படங்களுக்கு வெளியே நின்றவர்களுக்கு இசையமைத்தே பெரும்பகுதி வாழ்க்கையைக் கழித்தவர் அவர்.

அவருடைய முதல் தமிழ்ப் படம் 1960இல் வந்த 'பாதை தெரியுது பார்'. ஒரு முதலாளி போட்ட காசில்லை அது. பலர் பங்கு போட்டுக் கூட்டாக எடுத்த படம். இயக்கியவர் நிமாய் கோஷ் என்ற வங்காளி. பாட்டு எழுதியவர்களில் ஜெயகாந்தனும் ஒருவர். படம் ஓடவில்லை. பாட்டுகள் இன்றைக்கும் ஓடுகின்றன. அறுபது வருடத்துக்கு முந்தின அந்தப் பாட்டை எங்கள் அதிபர் ஒருவர் பிரியாவிடைக் கூட்டத்தில் பாடி நாங்கள் கேட்டிருக்கிறோம், யார் இசை என்று தெரியாமலே.

அடுத்தது கேரளம். 1961 நவம்பர் 14ஆம் திகதி 'கால்பாடுகள்' படத்துக்காக ஒரு இளம் பாடகரை ஒலிவாங்கிக்கு முன்னால் நிறுத்தினார். சாதியும் மதப் பகையும் இல்லாமல் எல்லோரும் உடன்பிறப்பாக வாழும் இடம் பற்றி ஸ்ரீ நாராயண குரு எழுதிய வரிகள். பாடியவர் கொச்சியைச் சேர்ந்த ஒரு கிறிஸ்தவப் பையன். அவர்தான் யேசுதாஸ். சினிமாவில் அவர் குரல் பதிவானது அன்றைக்குத்தான். குரு எழுதியதைக் கிறிஸ்தவர் பாட, இசை போட்டவரின் வீட்டில் மனைவி முஸ்லிம். ஆம், எம்.பி.எஸ்ஸின் துணைவியார் சாஹிதா, அம்ரித்சர் தலைவர் டொக்டர் சைபுதீன் கிச்லுவின் மகள். 1919 ஏப்ரலில் கிச்லுவையும் சத்தியபாலையும் வெள்ளைக்காரன் பிடித்துக்கொண்டு போனதை எதிர்த்துக் கூடிய சனத்தின் மீதுதான் ஜாலியன்வாலா பாக்கில் சுட்டார்கள். வரலாற்றுப் பாடம் எடுக்கிற ஆசிரியர்களுக்கு இந்தத் தொடர்பு தெரிந்திருக்கட்டும்.

1972இல் அடூர் கோபாலகிருஷ்ணன் தன்னுடைய முதல் படம் 'சுயம்வரம்' எடுத்தார். அதுவும் ஒரு கூட்டுறவுச் சங்கத்தின் படம். இசை எம்.பி.எஸ். அடுத்த படம் 'கொடியேற்றம்'. அதில் பின்னணி இசையே வேண்டாம் என்று அடூர் முடிவெடுத்தார். இதை ஏன் சொல்கிறோம் என்றால், இசை தேவையில்லாத இடத்தில் அதை வைக்கத் தேவையில்லை என்று தெரிந்த இயக்குநர் அவர். அப்படிப்பட்டவர் 1981இல் 'எலிப்பத்தாயம்', பிறகு 'முகாமுகம்', 'அனந்தரம்' என்று திரும்பத் திரும்ப எம்.பி.எஸ்ஸிடம்தான் வந்தார். எலிப்பத்தாயத்தில் பாட்டுக் கிடையாது. இழுத்துக்கொண்டு போய்க் கண்ணீர் வரவைக்கிற வயலின் கூட்டமும் கிடையாது. நம் தம்பிமார் யூடியூபில் தேடி எடுத்து ஒட்டுகிறார்களே, அந்தச் 'சோக மியூசிக்', அதை இறக்கி வைத்துவிட்டு ஒரு தடவை இந்தப் படத்தைப் பாருங்கள்.

இன்னொரு புதினமும் உண்டு. ஜோன் ஆபிரகாம் 1977இல் எடுத்த 'அக்ரஹாரத்தில் கழுதை'. தாய் இல்லாத ஒரு கழுதைக்குட்டியை வளர்க்கும் பேராசிரியர் கதை. அந்தப் பேராசிரியராக நடித்ததே எம்.பி.எஸ்தான். இசையும் அவரே. சிறந்த தமிழ்ப் படம் என்று தேசிய விருது கொடுத்தார்கள். பிறகு 1989இல் தூர்தர்ஷனில் போடுவதாகச் சொல்லிவிட்டு எதிர்ப்பு வந்ததும் நிறுத்தினார்கள். விருதும் கொடுப்பார்கள், வாயையும் பொத்துவார்கள். எல்லா நாட்டிலும் இதே கதைதான்.

இவ்வளவு சொல்லிவிட்டோம், எங்கள் கதைக்கு வருவோம். எங்களுக்கு எம்.பி.எஸ்ஸைப் பிடித்தது இந்தப் படங்களுக்காக மட்டும் இல்லை. மெட்ராஸ் ஸ்டூடியோக்களில் வயலின் வாசிக்கிறவர், தபேலா வாசிக்கிறவர், குழல் ஊதுகிறவர் எல்லோருக்கும் ஒரு சங்கம் வேண்டும் என்று நின்றவர் அவர். பெரிய மேதைகள் பெயருக்குப் பின்னால் பெயரில்லாமல் உட்கார்ந்து வாசித்த மனிதர்கள் அவர்கள். அவர்களுக்குக் கூலி வேண்டும், அது பிந்தாமல் வேண்டும், பிச்சை போலக் கேட்டு வாங்கக் கூடாது என்று அவர்களை ஒன்றுசேர்த்தார். நிமாய் கோஷும் அவரும் முன்னின்றுதான் தென்னிந்திய சினிமாத் தொழிலாளர்களின் சம்மேளனமே உருவானது. யோசித்துப் பாருங்கள். ஒரு இசையமைப்பாளர், தனக்குக் கீழே வாசிக்கிறவர்களின் சம்பளத்துக்காகத் தயாரிப்பாளர்களோடு சண்டை பிடிக்கிறார். தன் வாய்ப்புப் போகும் என்று தெரியாமலா பிடித்திருப்பார்?

இங்கே நம் பக்கத்தில் என்ன நடக்கிறது? கோயில் திருவிழாவுக்கு வெளியூர் இசைக்குழுவைக் கொண்டுவந்து விடிய விடியச் சினிமாப் பாட்டுப் பாடவிட லட்சக்கணக்கில் சேர்க்கிறோம். பிழை என்று சொல்ல வரவில்லை, சனம் சந்தோஷமாக இருக்கட்டும். ஆனால் கொம்புச்சந்திப் பிள்ளையார் கோயில் மேளத்தையும் யூதாததேயு கோயில் பாட்டையும் சின்ன வயதிலிருந்து ஒரே காதால் கேட்டு வளர்ந்த பொடியன் ஒருவன் புதிதாக ஒன்றைச் செய்து கொண்டுவந்தால், அவனுக்குக் கொடுக்க ஐயாயிரம் இல்லை. "உனக்கும் ஒரு விளம்பரம்தானே தம்பி." விளம்பரத்தைக் கடையில் கொடுத்து ஒரு கிலோ அரிசி வாங்கிப் பாருங்கள்.

நம் முஸ்லிம் ஊர்களுக்கும் சொல்லாமல் விட்டால் நாங்கள் நியாயம் தப்பியவர்கள் ஆவோம். இசை கூடாது என்று மனதார நம்பி, அதன்படியே நடக்கிற பெரியவர்கள் இருக்கிறார்கள். அவர்களுக்கு எங்கள் சலாம். மார்க்கத் தீர்ப்புச் சொல்கிற தகுதி எங்களுக்கு இல்லை, உலமாக்களுக்கிடையிலேயே இதில் கருத்து வேறுபாடு உண்டு, அந்தப் பேச்சை கமெண்டில் தொடங்கவேண்டாம். எங்கள் வழக்கு மற்றவர்களோடு. சுற்றுலா வானில் காது வெடிக்கப் பாட்டுப் போடுவோம். கல்யாண வீடியோவுக்குப் பின்னால் எந்தப் படத்துப் பாட்டு ஓடவேண்டும் என்று வீடியோக்காரரோடு பிடிவாதம் பிடிப்போம். ஆனால் மகன் "உம்மா, நான் சங்கீதம் படிக்கட்டா" என்று கேட்டால் மட்டும் ஹராம் ஞாபகம் வரும். கேட்கும்போது வராத ஈமான் காசு கொடுக்கும்போதும் பெயர் போடும்போதும் மட்டும் ஏன் வருகிறது? இந்தக் கரையில் றபான் அடித்து பைத்து ஓதிய பக்கீர்மார் வந்துபோன வாசல்கள் நம்முடையவை. பொல்லடிக்குத் தாளம் பிசகாமல் ஆடிய வாப்பாமாரின் பேரப்பிள்ளைகள் நாம். வயலில் கவி பாடிய பெண்களின் வயிற்றில் பிறந்தவர்கள். அந்தக் கவிகளை யார் கட்டினார்கள் என்று யாருக்காவது தெரியுமா? பெயரில்லை. பெயர் போடாத பழக்கம் நேற்று வந்ததில்லை போலும்.

எங்கள் குற்றத்தையும் சொல்லிவிடுகிறோம். மூன்று வருடத்துக்கு முதல் பிள்ளைகளை வைத்து நாங்களே ஒரு சின்னப் படம் எடுத்தோம். இசைக்கு ஆளைத் தேட நேரமில்லை என்று ஒரு ஆங்கிலப் படத்தின் இசையை அப்படியே எடுத்து ஒட்டினோம். யூடியூபில் ஏற்றி ஒரு மணித்தியாலம் ஆகவில்லை, சத்தம் முழுவதையும் முடக்கிவிட்டார்கள். பிள்ளைகள் வாயசைப்பது மட்டும் தெரிந்தது. பெற்றோர் போன் எடுத்து, "சேர், போன் பழுதா, படம் பழுதா?" என்று கேட்டார்கள். வெட்கம். திருடக் கூடாது என்று வகுப்பில் படிப்பிக்கிற நாங்கள்தான் அதைச் செய்தோம். வெளிநாட்டுக் கம்பனியின் இசையைத் தொட்டால் கணினியே கண்டுபிடித்து வாயை அடைக்கிறது. நம் ஊர்ப் பொடியனின் இசையை எடுத்தால் கேட்க ஆளில்லை.

கேட்க ஆளில்லை என்றாலும் சட்டம் இருக்கிறது. 2003ஆம் ஆண்டின் 36ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டம். இசையை உண்டாக்கியவருக்குத் தன் பெயர் தெரிவிக்கப்படவேண்டும் என்று கோரும் உரிமை அதில் இருக்கிறது. காசுக்கு வித்தாலும் ஓசியில் கொடுத்தாலும் அந்த உரிமை அவரிடமே நிற்கும். அவர் மௌத்தான பிறகும் எழுபது வருடத்துக்குப் பாதுகாப்பு உண்டு. ஆகவே "அவசரத்தில விடுபட்டிட்டு" என்பதைச் சின்ன விஷயம் என்று நினைக்கவேண்டாம் தம்பிமாரே.

"சேர், படத்தால ஒரு சதமும் வருவதில்லை, எங்கிருந்து கொடுப்பது?" என்பீர்கள். நியாயமான கேள்விதான். எங்கள் பதிலும் நேரானது. காசு இல்லாவிட்டால் எல்லோருக்கும் இல்லாமல் இருக்கட்டும். கமெராக்காரரும் ட்ரோன்காரரும் சும்மா செய்தால் இசைக்காரனும் சும்மா செய்வான், தோளோடு தோள் நிற்பான். அவர்களுக்கு இருந்து இவனுக்கு இல்லை என்றால் அதற்குப் பெயர் வறுமை இல்லை. படம் தொடங்க முதல் செலவுக் கணக்கு எழுதுகிற கொப்பியில் சாப்பாட்டுக்கு மேலே ஒரு வரி இசை என்று எழுதுங்கள். தொகை சிறிதாக இருக்கட்டும், பரவாயில்லை. கதை எழுதும்போதே அவனைக் கூப்பிட்டு உட்கார வையுங்கள். வெட்டி முடித்த பிறகு, நாளைக்குப் போட்டிக்கு அனுப்பவேண்டும் என்ற இரவில் கூப்பிடாதீர்கள்.

சிங்களப் பக்கத்தைப் பார்த்தாவது படியுங்கள். பிரேமசிறி கேமதாச (1937–2008) லெஸ்டர் ஜேம்ஸ் பீரிசின் 'நிதானய'வுக்கும் தர்மசேன பத்திராஜவின் 'பம்பரு அவித்' படத்துக்கும் இசையமைத்தவர். யாழ்ப்பாணத்தில் 'பொன்மணி' எடுத்தாரே, அதே பத்திராஜதான். கேமதாச கிராமத்து ஏழைப் பிள்ளைகளைக் கூட்டி வைத்துப் பாடவும் இசைக்கவும் பழக்கினார். எம்.பி.எஸ்ஸும் அப்படியே. சென்னையில் சாதாரண இளைஞர்களைச் சேர்த்துச் சேர்ந்திசைக் குழு நடத்தினார். பாரதி பாட்டை ஐம்பது குரலில், ஒவ்வொரு கூட்டமும் வெவ்வேறு சுரத்தில் போய்ச் சேருகிற மாதிரிப் பாடவைத்தார். ஒருவர் தனியாக மின்னுவதற்கு அதில் இடமில்லை. நம் பாடசாலைகளில் தமிழ்த்தினப் போட்டிக்கு மட்டும் மூன்று கிழமை ஓடி ஓடிப் பழக்கிவிட்டுப் பிறகு ஹார்மோனியத்தைப் பூட்டி வைக்கிறோம். விபுலானந்த அடிகள் 1947இல் 'யாழ் நூல்' தந்த மண் என்று மேடைக்கு மேடை பேசுவதில் மட்டும் குறைவில்லை.

எம்.பி.எஸ். இப்படிப்பட்ட படங்களை மட்டும் நம்பி இருக்கவும் இல்லை, அதையும் சொல்லவேண்டும். மலையாளத்தில் எல்லோரும் பார்க்கிற படங்களுக்கும் பாட்டுப் போட்டார். ஓ.என்.வி. குறுப்பின் வரிகளுக்கு அவர் போட்ட மெட்டுகளை மலையாளிகள் இன்றும் பாடுகிறார்கள். கே.ஜி. ஜோர்ஜின் 'யவனிகா', ஒரு தபேலாக்காரன் காணாமல் போகிற கதை, அதற்கும் அவரே இசை. சுயாதீனப் படத்துக்கு மட்டும் இசையமைத்து அடுப்பு எரியாது. அதனால்தான் நம் பொடியனுக்கும் நாங்கள் சொன்னோம்: கடை விளம்பரமா, செய். பாலர் பாடசாலைக் கலைவிழாப் பாட்டா, செய். கோயில் பாட்டு இறுவட்டா, செய். வெட்கப்படாமல் விலை சொல். விலை சொல்லத்தான் அவனுக்கு வாய் வராது. அந்த வாயை நாம்தான் அடைத்து வைத்திருக்கிறோம்.

எம்.பி.எஸ். 1988 மார்ச் 9ஆம் திகதி இறந்தார். எங்கே தெரியுமா? லட்சத்தீவில். கடல் நடுவில், தென்னை மரமும் மீன்பிடியும் பள்ளிவாசலுமாக இருக்கிற, கிட்டத்தட்ட முழுக்க முஸ்லிம்கள் வாழ்கிற சின்னச் சின்னத் தீவுகள். இசைப் பணிக்குப் போன இடத்தில் மாரடைப்பு. அறுபத்திரண்டு வயது. பெரிய நகரத்து ஸ்டூடியோவை விட்டு அவ்வளவு தூரம் போயிருந்தார்.

நம் பொடியன் போகப்போவது கட்டாருக்கு. ஒரு ஹாட்வெயார் களஞ்சியத்தில் வேலை. மெடிக்கல் முடிந்துவிட்டது, விசாவுக்காக நிற்கிறான். கீபோர்ட்டை விற்கப்போவதாகச் சொல்லியிருக்கிறான். அவனுடைய அம்மா, "விக்காத மகன், வீட்டில கிடக்கட்டும்" என்கிறார். இன்றைக்குக் காலைவரை விற்கவில்லை.

அந்தக் குறும்படத்தை எடுத்த தம்பிமாருக்கு: படம் அடுத்த தடவை எங்கே காட்டப்பட்டாலும் அவன் பெயரைப் போட்டுக் காட்டுங்கள், எடிட்டிங்கில் பத்து நிமிட வேலை. இப்போது படம் எடுத்துக்கொண்டிருக்கிற மற்றவர்களுக்கு, காத்தான்குடியா களுவாஞ்சிகுடியா என்று பார்க்கமாட்டோம், அவனுக்கு இன்னும் சில கிழமை இருக்கிறது. இன்பொக்ஸில் வாருங்கள், இலக்கம் தருகிறோம். வரும்போது எவ்வளவு தருவீர்கள் என்பதை முதல் வரியில் எழுதிவிட்டு வாருங்கள்.